காடு திருத்திய கைகள், பட்டாவில் இல்லாத பெயர்கள்: தொண்டை மண்டலக் குடியேற்றத்தில் விடுபட்டவர்கள்

பெரிய காஞ்சிபுரத்தின் வரலாறு பெரும்பாலும் கோயில்களின் வரலாறாகவும் அரசர்களின் வரலாறாகவும் பட்டு நெசவின் வரலாறாகவுமே சொல்லப்படுகிறது. ஏகாம்பரநாதர் கோயில் கோபுரம், ராஜ வீதிகளில் வரிசையாக நிற்கும் பட்டுக் கடைகள், கச்சியை ஆண்ட பல்லவர் என்ற வரிசையில் அந்த வரலாறு முடிந்துவிடுகிறது. இந்நகருக்கு நெல் கொடுத்த ஊர்கள் எவ்வாறு உருவாயின, அவற்றின் காடுகளை வெட்டியவர் யார், ஏரிகளுக்கு மண் சுமந்தவர் யார், அப்படித் திருத்திய நிலம் பின்னர் யாருடைய பெயரில் பதிவானது என்ற கேள்விகள் பாடநூல்களில் எழுவதில்லை.

இவை பழங்கதையைக் கிளறும் கேள்விகள் அல்ல. பஞ்சமி நில வழக்கொன்றிற்காகக் காஞ்சிபுரம் சுற்றுவட்டார ஊர் ஒன்றிற்குச் சென்றிருந்தபோது, எண்பது வயதைக் கடந்த மூதாட்டி ஒருவர் துணிப்பையிலிருந்து மடிப்புகளில் கிழிந்த பட்டா ஒன்றை எடுத்துக் கொடுத்தார். அவருடைய மாமனார் பெயரில் இருந்த அந்தத் தாளில், இன்னாருக்கு அன்றி விற்கக்கூடாது என்ற நிபந்தனை தெளிவாக இருந்தது. இன்றைய சிட்டாவில் அதே நிலம் வேறொருவர் பெயரில் இருக்கிறது. அவர் கேட்டது ஒரே கேள்வி: "எங்க மாமனார் கரம்பை வெட்டித் திருத்துன நெலம் தம்பி, இதுல எங்க பேரு எப்படி இல்லாமப் போச்சு?" அதற்கு விடை தேடப் போனால் 1980களின் பதிவேடுகளோடு நிறுத்த முடியாது. 1890களின் அரசாணைகளுக்கும், அதற்கு முந்தைய மிராசு ஆவணங்களுக்கும், இறுதியில் தொண்டை மண்டலத்தின் குடியேற்றக் கதைக்குமே செல்ல வேண்டியிருக்கிறது.

ஆதொண்டன் கதையும் குறும்பரும்

தொண்டை மண்டலம் குடியேற்றப்பட்டதைப் பற்றி வழிவழியாக வரும் கதை இது. இப்பகுதி ஒரு காலத்தில் அடர்ந்த காடாக இருந்தது. அங்கே ஆடு மேய்க்கும் குறும்பர்கள் இருபத்துநான்கு கோட்டைகளைக் கட்டி வாழ்ந்தனர். புழல் அவர்களுடைய முதன்மையான கோட்டை. சோழன் மகனாகிய ஆதொண்டன் அவர்களை வென்று, காட்டை அழித்து, சோழ நாட்டிலிருந்தும் பிற இடங்களிலிருந்தும் வேளாளர்களைக் கொண்டுவந்து குடியேற்றினான். காஞ்சி தலைநகராயிற்று; நாடு 24 கோட்டங்களாகவும் 79 நாடுகளாகவும் பகுக்கப்பட்டது.

இக்கதையை வரலாற்று நிகழ்வாக அப்படியே ஏற்க இயலாது. காஞ்சியைத் தலைநகராகக் கொண்ட பல்லவர் ஆட்சி பிற்காலச் சோழர்களுக்குப் பல நூற்றாண்டுகள் முற்பட்டது. ஆயினும் இக்கதை என்ன வேலை செய்தது என்பது முக்கியமானது. சென்னை ஆட்சியராக இருந்த எல்லிஸ், மிராசு உரிமை குறித்த 17 கேள்விகளுக்கு எழுதி 1818இல் அச்சான விரிவான விளக்கத்தில், தொண்டை மண்டல நிலவுரிமையின் தோற்றத்தை இக்குடியேற்றக் கதையோடு இணைத்தார். முதலில் குடியேறியவர் என்பதால் நிலம் அவர்களுடைய பிறப்புரிமை என்ற வாதத்திற்குக் கதையே சான்றாக நின்றது. ஆக, நாட்டார் வழக்காறு ஒன்று வருவாய்த் துறையின் சட்ட ஆவணத்திற்குள் நுழைந்து, நிலவுரிமைக்கான வரலாற்று அடிப்படையாக மாறியது.

கதைக்குள் இரு தரப்பினர் தெரிகின்றனர்: வென்றவர், தோற்றவர். கர்னல் மெக்கன்சி பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் திரட்டிய சுவடிகளில் குறும்பர் பற்றிய வழக்காறுகள் உண்டு. அவற்றைப் பின்னர் கஸ்டவ் ஆப்பர்ட் 1893இல் வெளியிட்ட தம் நூலில் எடுத்தாண்டார். தோற்ற குறும்பருக்காவது கதையில் ஓர் இடம் இருக்கிறது. மூன்றாவது தரப்பு ஒன்று முற்றிலும் விடுபடுகிறது. கோட்டை வீழ்ந்த மறுநாள் காட்டை வெட்டியவர் யார்? வேரைப் பறித்து, மேட்டைச் சமன்செய்து, ஏரிக்கரைக்கு மண் சுமந்து, முதல் சேற்றை மிதித்தவர் யார்? குடியேற்றக் கதைகளில் காடு தானாகவே அழிகிறது. வயல் தானாகவே விளைகிறது.

செப்பேடுகளில் எண்ணிக்கையாக மட்டும்

பல்லவ அரசர்களுக்குக் காடுவெட்டி என்ற பெயர் வழங்கியதை வரலாற்று மாணவர்கள் அறிவர். காடு வெட்டுவது அரச பெருமையாகக் கொண்டாடப்பட்டது. காஞ்சியிலிருந்து சிவஸ்கந்தவர்மன் வெளியிட்ட ஹிரஹடகள்ளிச் செப்பேடு பிராகிருத மொழியில் அமைந்த மிகப் பழைய பல்லவ ஆவணங்களுள் ஒன்று. முன்னோன் ஒருவன் நூறாயிரம் ஏர்களைத் தானம் செய்ததாக அது புகழ்கிறது. உழவை விரிவாக்குவதே அரசின் பெரும்பணி என்பதற்கு இது சான்று.

அதே செப்பேட்டில் பலரும் கடந்து செல்லும் ஒரு வரி உண்டு. பிராமணர்களுக்குக் கொடுக்கப்பட்ட நிலத்தோடு, விளைச்சலில் பாதியைப் பெற்றுக்கொண்டு உழும் நால்வரும், கோலிகர் எனப்படும் இருவரும் சேர்த்துக் கொடுக்கப்படுகின்றனர். தானம் பெற்றவர்களின் பெயர்கள் வரிசையாகப் பொறிக்கப்பட்டுள்ளன. உழைத்தவர்கள் வெறும் எண்ணிக்கை. நிலத்தோடு ஆளும் கைமாறும் வழக்கம் காஞ்சியின் மிகப் பழைய ஆவணங்களிலேயே பதிவாகியிருக்கிறது.

இடைக்காலக் கல்வெட்டுகளில் நிலக்கொடைகளைக் குறிக்கும் இரு சொற்களைச் சட்ட மாணவர்கள் கூர்ந்து நோக்க வேண்டும்: குடிநீக்கிய தேவதானம், குடிநீங்காத் தேவதானம். முன்னதில் ஏற்கெனவே இருந்த குடிகளை அகற்றிவிட்டு நிலம் கோயிலுக்குக் கொடுக்கப்பட்டது. பின்னதில் குடிகள் நிலத்தில் தொடர்ந்தனர். அதாவது, புதியவரைக் குடியமர்த்துவதும் பழையவரை அகற்றுவதும் ஒரே ஆணையின் இரு பக்கங்களாக இருந்தன. வெளியேற்றப்பட்ட குடிகள் எங்கே சென்றனர் என்பதை எந்தக் கல்லும் சொல்வதில்லை.

முதலாம் இராசராசனின் தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகள் வரி நீக்கப்பட்ட நிலங்களைப் பட்டியலிடும்போது, ஊர்நத்தம், ஏரி, சுடுகாடு ஆகியவற்றோடு பறைச்சேரி, ஈழச்சேரி, கம்மாணச்சேரி ஆகியவற்றையும் குறிப்பிடுகின்றன. தீண்டாச்சேரி என்ற சொல்லும் அங்கே வருகிறது. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே குடியேற்றத்தின் வரைபடம் ஊர் என்றும் சேரி என்றும் பிரிந்திருந்தது.

காஞ்சிக்கு அருகிலுள்ள உத்திரமேரூரின் குடவோலைக் கல்வெட்டுகள் மக்களாட்சியின் தொன்மைச் சான்றாக மேடைதோறும் எடுத்துக்காட்டப்படுகின்றன. முதலாம் பராந்தகன் காலத்து அக்கல்வெட்டுகள் (பொ.ஆ. 919, 921) உறுப்பினராவதற்குரிய தகுதிகளை விதிக்கின்றன: கால் வேலிக்கு மேல் வரி செலுத்தும் நிலம் வேண்டும், சொந்த மனையில் வீடு கட்டியிருக்க வேண்டும், வயது 35க்கு மேல் 70க்குள் இருக்க வேண்டும், வேதக் கல்வி வேண்டும். நிலமும் சொந்த மனையும் இல்லாதவருக்கு அச்சபையில் இடமில்லை. சொந்த மனை என்ற இந்த நிபந்தனை பத்து நூற்றாண்டுகளுக்குப் பிறகும் இதே மாவட்டத்தில் தலித் மக்களைக் கட்டிப்போட்ட கயிறாகத் தொடர்ந்தது என்பதைப் பின்னர் காண்போம்.

எல்லையை அறிந்தவர், எல்லைக்கு வெளியே

காணியாட்சி என்ற தமிழ்ச் சொல் வழங்கிய உரிமை, பரம்பரை என்ற பொருள்படும் அரபுச் சொல்லின் வழியாக மிராசு எனப் பெயர் பெற்றது. மிராசு ஊரில் நிலம் தனி வயல்களாக அன்றிப் பங்குகளாக இருந்தது. பங்குகள் காலந்தோறும் மாற்றிக்கொள்ளப்படும் பசுங்கரை ஊர்களும், நிலையாகப் பிரிக்கப்பட்ட அறுதிக்கரை ஊர்களும் இருந்தன. மிராசுதாரர் அல்லாத உழவர்கள் பாயக்காரிகள் எனப்பட்டனர். ஊரிலேயே தங்கியவர் உள்குடி. வெளியூரிலிருந்து வந்து உழுதவர் புறக்குடி. இவர்கள் மிராசுதாரருக்குத் துண்டுவாரம் செலுத்தினர். தரிசு, நத்தம், மேய்ச்சல் நிலம், மரம், மீன் ஆகிய அனைத்தின்மீதும் மிராசுதாரர் உரிமை கோரினர். இந்த அடுக்குகளுக்கெல்லாம் அடியில், நிலத்தோடு பிணைக்கப்பட்ட பறையர் உழைப்பாளிகள் இருந்தனர். பங்கு விற்கப்படும்போது அவர்களும் கைமாறினர்.

முரண் என்னவெனில், ஊரின் எல்லையை நன்கு அறிந்தவர்கள் அவர்களே. வெட்டியானாக, தோட்டியாக, நீர்க்கண்டியாக ஊரின் ஒவ்வொரு கல்லையும் கால்வாயையும் காத்தவர்கள் அவர்கள். இரண்டு ஊர்களுக்கிடையே எல்லைத் தகராறு எழும்போது அவர்களுடைய சொல்லே சான்றாகக் கொள்ளப்பட்டது எனக் காலனியக் குறிப்புகள் பதிவு செய்கின்றன. தர்ஸ்டன் 1909இல் வெளியிட்ட தென்னிந்தியச் சாதிகள் பற்றிய நூல், காஞ்சிபுரம், கும்பகோணம், திருவில்லிபுத்தூர் ஆகிய ஊர்களின் பெருவிழாக்களில் பறையர்கள் தேர் வடம் பிடிக்க அனுமதிக்கப்பட்டதையும், அப்போது அவர்கள் தொட்ட வடம் தீட்டாகக் கருதப்படவில்லை என்பதையும் குறிப்பிடுகிறது. தேரை நகர்த்தத் தோள்கள் வேண்டும். தேர் நிலைக்கு வந்தபின் அத்தோள்கள் வீதியில் இருக்கக்கூடாது. எல்லைச் சான்றுக்கும் இதே விதிதான். ஊரின் எல்லையைச் சொல்லும் அறிவு அவர்களுக்கு இருந்தது. அந்த எல்லைக்குள் ஒரு காணி நிலம் அவர்களுக்கு இல்லை.

இந்த வழக்கங்களை முன்னாளில் அவர்களுக்கிருந்த நிலவுரிமையின் எச்சம் என்று சிலர் விளக்கினர். அது மேலும் ஆராயப்பட வேண்டிய கருத்து. ஆனால் வழக்கு மன்றத்தில் நிற்கக்கூடிய உண்மை ஒன்று இதில் உண்டு: நிலத்தைப் பற்றிய அறிவும் நிலத்தின்மீதான உழைப்பும் யாரிடம் இருந்தன என்பதில் அக்கால ஆவணங்களுக்கே ஐயமில்லை.

இரண்டாம் குடியேற்றம்: கம்பெனியும் தரிசும்

ஆர்க்காட்டு நவாபு 1763இல் செங்கல்பட்டுப் பகுதியைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு ஜாகீராக அளித்தார். 1780 செப்டம்பர் 10 அன்று காஞ்சிபுரத்திற்கு அருகிலுள்ள பொள்ளிலூரில் ஐதர் அலி, திப்பு ஆகியோரின் படையிடம் கம்பெனிப் படை தோற்றது. அந்தப் போர்க்காலத்தில் ஊர்கள் எரிந்தன; ஏரிகள் உடைந்தன; மக்கள் சிதறினர். போருக்குப்பின் ஜாகீரை மீண்டும் குடியேற்ற வேண்டிய நிலை கம்பெனிக்கு ஏற்பட்டது. 1794 முதல் 1798 வரை ஆட்சியராக இருந்த லயனல் பிளேஸ் ஏரிகளைப் பழுதுபார்ப்பதிலும் ஊர்களை நிரப்புவதிலும் வரியை உயர்த்துவதிலும் முனைந்தார். வரலாற்றாய்வாளர் யூஜின் இர்ஷிக் 1994இல் வெளியிட்ட நூலில் இக்காலத்தை விரிவாக ஆராய்ந்துள்ளார். ஊரைவிட்டு வெளியேறுவதே அன்று எதிர்ப்பின் வலிமையான வடிவமாக இருந்தது. ஆள் இல்லாத நிலம் வரி தராது என்பதை அரசும் மிராசுதாரரும் அறிந்திருந்தனர்.

எனவே குடிகளை ஓரிடத்தில் நிலைநிறுத்துவது காலனிய ஆட்சியின் தேவையாயிற்று. யாரை எந்த உரிமையோடு நிலைநிறுத்துவது என்பதில்தான் அநீதி அடங்கியிருந்தது. மிராசுதாரருக்கு உரிமை பதிவாயிற்று. உழைத்தவர்க்கு இருப்பிடம் மட்டும் குறிக்கப்பட்டது.

அடிமை முறைக்குச் சட்ட ஏற்பு இல்லை என 1843ஆம் ஆண்டின் ஐந்தாம் சட்டம் அறிவித்தது. 1860இல் இயற்றப்பட்ட இந்தியத் தண்டனைச் சட்டம் மனிதரை அடிமையாக வாங்குவதையும் விற்பதையும் குற்றமாக்கியது. எனினும் விடுதலை பெற்றவர் எங்கே செல்வார்? ஊரைச் சுற்றிலும் தரிசு கிடந்தது. அதைத் திருத்தி உழ விரும்பும் ஒருவர் தர்காஸ்து மனு கொடுக்க வேண்டும். மிராசு ஊர்களில் அவ்வாறு மனு வந்தால் மிராசுதாரருக்கே முன்னுரிமை. தலித் ஒருவர் மனு கொடுத்தவுடன் மிராசுதாரர் அந்நிலத்தைத் தாமே கேட்டுப் பெற்று, உழாமல் தரிசாகவே போட்டுவைக்க முடிந்தது. உழைப்பாளி நிலம் பெற்றுவிட்டால் தம் வயலுக்கு ஆள் கிடைக்காது என்பதே காரணம். நிலம் இல்லாததால் அவர்கள் நிலமற்றவர்களாக இருக்கவில்லை. தரிசு கிடந்தும், அதை அவர்கள் பெறாதவாறு சட்டம் காவல் காத்தது.

1891 அறிக்கையும் 1892 ஆணையும்

ஸ்காட்லாந்து சுதந்திரச் சபையைச் சேர்ந்த ஆதாம் ஆண்ட்ரூ, வெஸ்லியன் சபையைச் சேர்ந்த வில்லியம் கவுடி ஆகிய மறைப்பணியாளர்கள் செங்கல்பட்டு மாவட்டத்தில் தரிசு நிலம் கேட்டுத் தலித் மக்களுக்காக மனு செய்யத் தொடங்கினர். சிங்கப்பெருமாள் கோயில் அருகே மெல்ரோசாபுரம் என்ற குடியேற்றத்தை ஆண்ட்ரூ உருவாக்கினார். மறைப்பணியாளர்களுக்கு மதமாற்ற நோக்கம் இருந்தது என்பதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் நிலம் கேட்டு வந்தவர்கள் அம்மக்களே என்பதையும், அவர்களுடைய வேட்கையே அம்முயற்சிகளுக்கு உந்துதல் என்பதையும் மறக்கலாகாது.

இந்நிலையில் 1891இல் செங்கல்பட்டு ஆட்சியராகப் பணியாற்றிய ட்ரெமென்ஹீர், அம்மாவட்டப் பறையர்களின் நிலை குறித்து ஓர் அறிக்கை அளித்தார. மாவட்ட மக்கள்தொகையில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கினரைப் பற்றிய அறிக்கை அது. ஒடுக்குமுறையின் இயக்கத்தை அது ஒரு வழக்கறிஞரின் துல்லியத்தோடு பிரித்துக் காட்டியது. குடியிருக்கும் மனை மிராசுதாரருக்குரியது எனக் கருதப்பட்டதால், கூலி கேட்டால் குடிசையை இழக்க நேரும். திருமணம் போன்ற செலவுகளுக்கு வாங்கிய சிறு கடன் வாழ்நாள் முழுவதும் படியாளாக உழைக்கும் பிணைப்பாயிற்று. தரிசுக்கு மனு செய்தால் முன்னுரிமை விதி தடுத்தது. நீதிமன்றமோ எட்டாத் தொலைவில் இருந்தது. மனை, கடன், தரிசு என்ற மூன்று பூட்டுகளையும் ஒருசேரத் திறக்காமல் விடுதலை இல்லை என்பதே அவ்வறிக்கையின் சாரம்.

1892 செப்டம்பர் 30 நாளிட்ட 1010, 1010-ஏ எண் அரசாணைகள் இதன் தொடர்ச்சி. இன்று பஞ்சமி நில உரிமையின் மூல ஆவணமாக அவை அறியப்படுகின்றன. அறிக்கை கேட்ட அனைத்தையும் அரசு ஏற்கவில்லை. மிராசுதாரரைப் பகைத்துக்கொள்ள அது விரும்பவில்லை. பெருமளவிலான நில ஒதுக்கீடு, 1919–20இல் தாழ்த்தப்பட்ட வகுப்பினர் நலனுக்கெனத் தனி அலுவலரும் தொழிலாளர் ஆணையரும் அமர்த்தப்பட்ட பிறகே வேகம் பெற்றது. ஒதுக்கப்பட்ட நிலங்களுக்கு வருவாய் வாரிய நிலையாணைகள் இரு முக்கிய நிபந்தனைகளை விதித்தன: பத்து ஆண்டுகளுக்கு எவ்வகையிலும் கைமாற்றக் கூடாது, அதன் பின்னரும் தாழ்த்தப்பட்ட வகுப்பைச் சேர்ந்தவருக்கு அன்றிப் பிறருக்கு மாற்றக்கூடாது. தமிழ்நாடு முழுவதும் இவ்வாறு 12 லட்சம் ஏக்கர் வழங்கப்பட்டது என இயக்கங்கள் தொடர்ந்து கூறிவருகின்றன.

இந்நிலம் அதிகாரிகளின் இரக்கத்தால் மட்டும் கிடைத்ததன்று. அயோத்திதாசப் பண்டிதர் 1891இல் நீலகிரியில் மாநாடு கூட்டித் தீர்மானங்கள் நிறைவேற்றினார். செங்கல்பட்டு மாவட்டக் கோழியாளத்தில் பிறந்த இரட்டைமலை சீனிவாசன் அதே காலத்தில் பறையர் மகாஜன சபையை நிறுவி, 1893இல் 'பறையன்' இதழைத் தொடங்கினார். பின்னர் எம்.சி. ராஜா சட்டமன்றத்தில் குரல் கொடுத்தார். இந்த அரசியலும், கரம்பை வெட்டிய பெயர் தெரியாத குடும்பங்களின் உழைப்பும் சேர்ந்ததே பஞ்சமி நிலம். பட்டா கையில் வந்தபோது அது விளைநிலமாக வரவில்லை. கல்லும் முள்ளும் நிறைந்த தரிசாகவே வந்தது. ஆதொண்டன் கதையில் விடுபட்டவர்கள் இம்முறை தங்கள் பெயரிலேயே காடு திருத்தினர்.

கடல்கடந்த காடுகள்

உள்ளூரில் தரிசு மறுக்கப்பட்டவர்களின் கைகளே உலகின் பல காடுகளைத் தோட்டங்களாக்கின. இலங்கை மலையகத்தில் காப்பிக்கும், பின்னர் தேயிலைக்கும் காடழித்தவர்களில் பெரும்பாலோர் தமிழ்நாட்டின் ஒடுக்கப்பட்ட சாதியினர். 1860 நவம்பர் 16 அன்று சென்னையிலிருந்து டர்பனை அடைந்த 'ட்ரூரோ' கப்பல், ஒப்பந்தக் கூலிகளை நேட்டாலின் கரும்புத் தோட்டங்களுக்குக் கொண்டுசென்ற முதல் கப்பல். மலாயா, பர்மா, மொரீசியஸ், பிஜி ஆகிய நாடுகளுக்கும் அவ்வாறே சென்றனர். அங்கும் தோட்டத்தின் பெயர் துரையின் பெயராயிற்று. இலங்கையில் 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரைப் பெரும்பாலும் நாடற்றவராக்கியது. காட்டைத் திருத்திய தலைமுறையின் பேரப்பிள்ளைகளிடம் அந்நாட்டில் இருப்பதற்கான ஆவணம் கேட்கப்பட்டது.

அமெரிக்க வரலாறும் இதை ஒத்ததே. 1862ஆம் ஆண்டுக் குடியேற்ற நிலச் சட்டம் குடியேறிகளுக்கு 160 ஏக்கர் வீதம் வழங்கியது. அந்நிலம் தொல்குடிகளிடமிருந்து பறிக்கப்பட்டது. 1865 ஜனவரியில் விடுதலை பெற்ற கறுப்பின மக்களுக்குத் தென்கடலோரத்தில் குடும்பத்திற்கு 40 ஏக்கர் வரை வழங்கப் படைத்தளபதி ஷெர்மன் ஆணையிட்டார். அதே ஆண்டில் குடியரசுத் தலைவர் ஆண்ட்ரூ ஜான்சன் அந்நிலங்களைப் பழைய உடைமையாளர்களிடம் திருப்பினார். வேறுபாடு ஒன்று உண்டு. அங்கே ஆணையையே திரும்பப் பெற்றனர். இங்கே ஆணை இன்றும் உயிரோடு இருக்க, நிலம் மட்டும் கைமாறிவிட்டது.

காரணையும் சட்டமும்

1994 அக்டோபர் 10 அன்று, மாமல்லபுரத்திற்கு அருகிலுள்ள காரணை ஊரின் பஞ்சமி நிலத்தை மீட்கக் கோரிச் செங்கல்பட்டில் நடைபெற்ற போராட்டத்தின்மீது காவல்துறை துப்பாக்கிச் சூடு நடத்தியது. ஜான் தாமஸ், ஏழுமலை ஆகிய இருவரும் உயிரிழந்தனர். மீட்கக் கோரிய நிலத்தில் நிறுவப்பட்ட அம்பேத்கர் சிலை அகற்றப்பட்டதும் அப்போராட்டத்தின் பின்னணி. ட்ரெமென்ஹீர் அறிக்கை எழுதப்பட்ட அதே பழைய மாவட்டத்தில், ஒரு நூற்றாண்டிற்குப் பின், அந்த ஆணையை நடைமுறைப்படுத்தக் கோரியவர்களுக்குக் கிடைத்த விடை அது.

சட்டத்தின் இன்றைய நிலையைச் சுருக்கமாகக் கூறலாம். நிபந்தனையை மீறிப் பிறருக்குச் செய்யப்பட்ட பஞ்சமி நில மாற்றங்கள் செல்லாதவை எனச் சென்னை உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்துள்ளது. கர்நாடகத்தில் இத்தகைய நிலங்களைக் காக்க 1978இல் தனிச்சட்டமே இயற்றப்பட்டது. மஞ்சேகவுடா வழக்கில் 1984இல் உச்ச நீதிமன்றம் அது செல்லும் என உறுதி செய்தது. தமிழ்நாட்டில் அதுபோன்ற தனிச்சட்டம் இல்லை. நிலையாணைகளையும் ஒதுக்கீட்டு நிபந்தனைகளையும் நம்பியே வழக்கு நடத்த வேண்டியுள்ளது. 1989ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 3(1)(எஃப்), 3(1)(ஜி) பிரிவுகள், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு உரிய அல்லது ஒதுக்கப்பட்ட நிலத்தைத் தவறான முறையில் கைக்கொள்வதையும் அவர்களை அதிலிருந்து வெளியேற்றுவதையும் குற்றமாக்குகின்றன. அச்சுறுத்திப் பெற்ற ஒப்புதலும், திரித்து உருவாக்கிய ஆவணமும் தவறான முறை என்ற வரையறைக்குள் அடங்கும்.

மனை என்னும் பூட்டு பகுதியளவேனும் திறக்க 1971 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அவ்வாண்டின் தமிழ்நாடு குடியிருப்பு அனுபவதாரர் சட்டம், பிறர் நிலத்தில் குடிசை கட்டி வாழ்ந்த உழவர்க்கும் உழவுத் தொழிலாளர்க்கும் அம்மனையின் உரிமையை வழங்கியது. 1891இல் அறிக்கையில் எழுதப்பட்ட ஒரு பரிந்துரை சட்டமாக எண்பது ஆண்டுகள் ஆயின.

இன்றைய குடியேற்றம்

குடியேற்றம் முடிந்துபோன நிகழ்வு அன்று. திருப்பெரும்புதூர், ஒரகடம் பகுதிகளில் தொழிற்பேட்டைகள் விரிந்துள்ளன. பரந்தூரில் புதிய விமான நிலையம் அமையும் என 2022இல் அறிவிக்கப்பட்டது முதல் ஏகனாபுரம் உள்ளிட்ட ஊர்கள் போராடி வருகின்றன. நிலம் கையகப்படுத்தப்படும்போது இழப்பீடு பட்டாவைப் பின்தொடர்ந்து செல்கிறது. பஞ்சமி நிலம் பிறர் பெயரில் இருக்குமானால், இழப்பீடும் அவருக்கே செல்லும். நிலம் திரும்பும் வாய்ப்பு நிலையாக மூடப்படும். 2013ஆம் ஆண்டு நிலக் கையகச் சட்டம், அந்நிலத்தை மூன்று ஆண்டுகளாக நம்பி வாழ்ந்த உழவுத் தொழிலாளர், குத்தகைதாரர் குடும்பங்களையும் பாதிக்கப்பட்டவர் என வரையறுக்கிறது. ஆனால் கூலி வேலைக்குப் பதிவேடு இல்லாத ஊரில் அதை மெய்ப்பிப்பது எளிதன்று. ஹிரஹடகள்ளிச் செப்பேட்டில் எண்ணிக்கையாகவாவது இருந்தவர்கள் இன்றைய இழப்பீட்டுப் பட்டியலில் அப்படியும் இல்லாமல் போகக்கூடும்.

காட்டை நம்பி வாழ்ந்த இருளர்களின் நிலை இன்னும் கடினமானது. ஏரிக்கரையிலும் புறம்போக்கிலும் குடியிருக்கும் அவர்கள் அரிசி ஆலைகளிலும் செங்கல் சூளைகளிலும் முன்பணத்திற்குப் பிணைக்கப்படுகின்றனர். கொத்தடிமை முறையை ஒழிக்கும் சட்டம் 1976இல் வந்தது. 2019 ஜூலையில் காஞ்சிபுரம், வேலூர் மாவட்டங்களில் மரம் வெட்டும் இடங்களிலிருந்து 42 இருளர்கள் மீட்கப்பட்டனர். காடு வெட்டும் தொழிலும், அதில் பிணைக்கப்பட்ட உழைப்பும், வெட்டியவருக்கு நிலமின்மையும் காஞ்சியைச் சுற்றி இன்றும் தொடர்கின்றன.

என்ன செய்யலாம்?

பஞ்சமி நிலத்தை அடையாளம் காண்பது ஆவணப் பணி. மாணவர்களும் இயக்கத் தோழர்களும் செய்யக்கூடியவை இவை.

முதலாவதாக, இன்றைய சிட்டாவோடு நின்றுவிடக் கூடாது. 1979 முதல் 1987 வரை நடைபெற்ற யு.டி.ஆர். எனப்படும் நில உடைமை மேம்பாட்டுத் திட்டத்தின்போது பல ஊர்களில் நிபந்தனைக் குறிப்புகள் புதிய பதிவேட்டிற்கு வரவில்லை. அதற்கு முந்தைய அ-பதிவேட்டையும் ஆர்.எஸ்.ஆர். எனப்படும் மறு நிலவரித் திட்டப் பதிவேட்டையும் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் வழி கேட்டுப் பெற வேண்டும். குறிப்புக் கலத்தில் டி.சி. என்றோ நிபந்தனை ஒப்படை என்றோ இருக்கிறதா எனப் பார்க்க வேண்டும். பழைய, புதிய புல எண்களை ஒப்பிடும் பட்டியலையும் புலப்படத்தையும் சேர்த்துப் பெறாவிட்டால் பழைய எண்ணில் உள்ள நிலம் இன்று எங்கே இருக்கிறது என நிறுவ முடியாது.

இரண்டாவதாக, மாவட்டப் பிரிவினையை நினைவில் கொள்ள வேண்டும். பழைய செங்கல்பட்டு மாவட்டம் 1997இல் காஞ்சிபுரம், திருவள்ளூர் எனப் பிரிந்தது. 2019இல் செங்கல்பட்டு தனி மாவட்டமாயிற்று. ஒரே ஊரின் ஆவணங்கள் வெவ்வேறு அலுவலகங்களில் இருக்கலாம். ஓரிடத்தில் ஆவணம் இல்லை என்ற பதில் கிடைத்தால் அதை எழுத்தில் வாங்கிக்கொண்டு அடுத்த அலுவலகத்திற்கும், சென்னை எழும்பூரிலுள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகத்திற்கும் செல்ல வேண்டும்.

மூன்றாவதாக, வில்லங்கச் சான்றின் வழி விற்பனைத் தொடரை வரிசைப்படுத்த வேண்டும். முதல் மாற்றம் எந்த ஆண்டில், யாரிடமிருந்து யாருக்கு என்பதே வழக்கின் திறவுகோல். ஜமாபந்தியில் மனு கொடுத்து ஒப்புகைச் சீட்டு பெறுவது பின்னர் வழக்கில் உதவும்.

நான்காவதாக, முதியோரின் வாய்மொழியைப் பதிவு செய்ய வேண்டும். எந்தக் கிணற்றை யார் வெட்டினார், எந்த மேட்டை யார் சமன்செய்தார், யாருக்கு எப்போது எந்தக் கடனுக்காக நிலம் போயிற்று என்பவை அவர்களின் நினைவில் மட்டுமே உள்ளன. நாளும் ஊரும் சொன்னவர் பெயரும் குறித்து எழுதப்பட்ட வாய்மொழி, ஆவணத்தோடு இணையும்போது வலிமை பெறும்.

தனிச்சட்டம் வேண்டும் என்ற கோரிக்கையையும் இவற்றோடு இணைத்தே எழுப்ப வேண்டும். நிலையாணையைக் காட்டித் தனித்தனியாக வழக்காடும் சுமையை நிலமிழந்த குடும்பத்தின்மீது ஏற்றுவது நீதி ஆகாது. மாற்றம் செல்லாது என அறிவித்து, காலவரம்பைக் காரணம் காட்டாமல் நிலத்தை மீட்டுக் கொடுக்கும் கடமையை அரசின்மீது சுமத்தும் சட்டமே தேவை.

ஒரு காலத்தில் எல்லைத் தகராறு எழுந்தபோது ஊரார் சேரிக்கு ஆள் அனுப்பி, எல்லை எங்கே எனக் கேட்டனர். இன்று அதே சேரியிலிருந்து அந்த மூதாட்டி கிழிந்த பட்டாவோடு வந்து எல்லையைக் காட்டுகிறார். அவருடைய நிலத்தின் பழைய புல எண்ணைக் கண்டுபிடித்துவிட்டோம்; முந்தைய அ-பதிவேட்டின் நகலுக்கு மனு கொடுத்திருக்கிறோம். இத்தகைய பட்டாக்கள் இன்னும் பல வீடுகளின் பெட்டிகளில் இருக்கின்றன. அவை செல்லரித்துப் போவதற்குள் படியெடுக்கும் பணியை உங்கள் ஊரிலிருந்து தொடங்குங்கள்.